ஆஸ்திரேலியப் பாலையின் ஒட்டகக்காரர்கள்: பெயர் மறைந்த முன்னோடிகள்

குடியேற்றங்களின் வரலாறு பெரும்பாலும் தலைவர்களின் வரலாறாகவே எழுதப்பட்டு வந்துள்ளது. ஒரு மலைக்குப் பெயரிட்டவர், ஒரு பாலையைக் குறுக்கே கடந்தவர், ஓர் ஆற்றின் போக்கை வரைபடத்தில் குறித்தவர் ஆகியோரின் பெயர்கள் பாடநூல்களில் இடம்பெறுகின்றன. அவர்களுக்குச் சிலைகளும் எழுகின்றன. அவர்கள் குடித்த தண்ணீரைச் சுமந்தவர் யார், அவர்கள் உறங்கிய பின் விலங்குகளுக்குக் காவல் இருந்தவர் யார் என்று எவரும் வினவுவதில்லை. ஆஸ்திரேலியாவின் உள்நாட்டுப் பாலையைப் பொறுத்தவரை அவ்வினாவுக்குரிய விடை நமக்கு அந்நியமானதன்று. அவர்களுள் மிகப் பெரும்பாலோர் முஸ்லிம்கள். அவர்களிற் பலர் அன்றைய பிரிட்டிஷ் இந்தியாவிலிருந்து கப்பல் ஏறியவர்கள்.

1860-க்கும் 1930-க்கும் இடைப்பட்ட எழுபது ஆண்டுகளில் இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட ஒட்டகக்காரர்களும், ஏறத்தாழ இருபதாயிரம் ஒட்டகங்களும் அக்கண்டத்தில் வந்திறங்கியதாக வரலாற்றாசிரியர்கள் கணித்துள்ளனர். தந்திக் கம்பி, தங்கச் சுரங்கம், கம்பளி வாணிகம், இருப்புப் பாதை ஆகிய எதை எடுத்துக்கொண்டாலும் அதன் தொடக்கத்தில் இவர்களுடைய உழைப்பு கலந்திருக்கிறது. ஆயினும் இவர்களைப் பற்றிய நினைவு நெடுங்காலம் ஓர் இரயில் வண்டியின் பெயரில் மட்டுமே தங்கி நின்றது. இம்மறதி எவ்வாறு நேர்ந்தது என்பதையும், மறக்கப்பட்டவர்களை இன்று எந்த ஆவணங்களின் வழியே மீட்டறிய முடிகிறது என்பதையும் இக்கட்டுரையில் ஆராய்வோம்.

ஒட்டகம் வந்த கதை

ஐரோப்பியக் குடியேறிகள் ஆஸ்திரேலியாவின் கடலோரங்களில் ஊன்றிய பின்னரும் அக்கண்டத்தின் நடுப்பகுதி அவர்களுக்கு எட்டாத நிலமாகவே இருந்தது. குதிரைக்கும் எருதுக்கும் அன்றாடம் தண்ணீர் வேண்டும், தீவனம் வேண்டும். இவ்விரண்டும் அரிதான வறள்நிலத்தில் அவ்விலங்குகளை நம்பிச் சென்ற குழுக்கள் பாதி வழியிலேயே திரும்பின. ஒட்டகம் பல நாள் நீரின்றி நடக்கும். முட்புதரையும் உப்புச் செடியையும் மேய்ந்து உயிர் வாழும். வலிமை மிக்க ஆண் ஒட்டகம் ஏறத்தாழ அரை டன் சுமையைத் தாங்கும்.

ஆஸ்திரேலியாவில் கால் வைத்த முதல் ஒட்டகம் 1840-இல் கனாரித் தீவுகளிலிருந்து அடிலெய்டுத் துறைமுகத்துக்கு வந்தது. 1846-இல் ஜான் ஹோராக்ஸ் என்பவர் அதனைத் தம் பயணத்தில் உடன் கொண்டு சென்றார். அவர் துப்பாக்கியில் குண்டு நிரப்பிக்கொண்டிருந்தபோது ஒட்டகம் அசைந்ததால் துப்பாக்கி வெடித்தது. அக்காயமே அவர் உயிரைப் பறித்தது. இந்நிகழ்ச்சி ஓர் உண்மையை உணர்த்தியது. ஒட்டகத்தை விலைக்கு வாங்கிவிடலாம். அதன் மனமறிந்து நடத்தும் கலையை அவ்வாறு வாங்க முடியாது. அக்கலை தலைமுறை தலைமுறையாகக் கைவரப்பெற்ற மனிதரும் உடன் வரவேண்டும்.

1860-இல் விக்டோரியாக் குடியேற்றத்தார் பெரும் பொருட்செலவில் பர்க், வில்ஸ் ஆகியோரின் பயணக்குழுவை அனுப்பினர். அதற்கென ஜார்ஜ் லேண்டல்ஸ் என்பவர் கராச்சியிலிருந்து 24 ஒட்டகங்களைக் கொண்டுவந்தார். அவற்றுடன் வந்தவர்களுள் தோஸ்த் முஹம்மத், ஈஸா கான், பலூச் ஆகிய மூவர் முஸ்லிம்கள். சம்லா என்பவர் இந்து. குழுவில் வழங்கப்பட்ட மாட்டிறைச்சியை உண்ண இயலாமையால் சம்லா புறப்பட்ட சில நாள்களிலேயே விலகிக்கொண்டார்.

பர்க்கும் வில்ஸும் கண்டத்தின் வடகரைக்கு அருகே வரை சென்று, திரும்பும் வழியில் 1861-இல் கூப்பர் ஓடைக் கரையில் பட்டினியால் மாண்ட வரலாறு அந்நாட்டுக் குழந்தைகள் அனைவரும் அறிந்தது. அவர்களை எதிர்நோக்கி நான்கு மாதங்களுக்கு மேல் ஓடைக்கரையில் காத்திருந்த காவல் முகாமில் இருந்தவர்கள் நால்வர். அந்நால்வருள் ஒருவர் தோஸ்த் முஹம்மத். பின்னாளில் ஒட்டகம் ஒன்று தாக்கியதால் ஒரு கை செயலிழந்த நிலையில், மெனிண்டீ என்னும் சிற்றூரிலேயே அவர் தம் இறுதி நாள்களைக் கழித்தார். பர்க்குக்கு மெல்போர்ன் நகரில் சிலை எழுப்பப்பட்டது. தோஸ்த் முஹம்மதின் கப்ரு அச்சிற்றூரின் அருகே மண்ணோடு மண்ணாகக் கிடக்கிறது.

இதற்குச் சில ஆண்டுகளின் பின், தாமஸ் எல்டர் என்னும் பெருவணிகர் ஒட்டகப் போக்குவரத்தை ஒரு தொழிலாகவே தொடங்கினார். 1866-ஆம் ஆண்டின் தொடக்கத்தில் நூற்றுக்கும் மேற்பட்ட ஒட்டகங்களும் அவற்றை மேய்க்கும் 31 ஆட்களும் போர்ட் அகஸ்டாத் துறைமுகத்தில் இறங்கினர். பெல்டானாவில் ஒட்டகப் பண்ணை அமைந்தது. அன்று முதல் அந்நாட்டின் உள்நிலப் போக்குவரத்து வேறொரு கட்டத்தை அடைந்தது.

'ஆப்கன்' என்னும் பெயர்

இவர்கள் அனைவரையும் 'ஆப்கன்' என்ற ஒரே சொல்லால் குடியேறிகள் அழைத்தனர்; அதுவும் பேச்சு வழக்கில் 'கான்' எனச் சுருங்கியது. உண்மையில் இவர்களுள் காந்தஹார், கஸ்னிப் பகுதிகளின் பஷ்தூன்களும் இருந்தனர். பெஷாவர் வட்டாரத்தாரும் பலூசிகளும் சிந்திகளும் பஞ்சாபிகளும் காஷ்மீரிகளும் இருந்தனர். மொழியும் உடையும் உணவும் வேறுபட்ட இம்மக்களை ஒன்றாக்கியவை அவர்களுடைய தொழிலும் மார்க்கமும், அவர்களைப் பார்த்தவரின் கண்ணும் ஆகும்.

இத்தகைய பெயர்சூட்டல் நம் வரலாற்றுக்கும் புதியதன்று. தமிழ் பேசும் இலங்கை முஸ்லிம்களுக்குப் போர்ச்சுக்கீசியர் 'மூர்' என்று பெயரிட்டனர். ஐபீரியத் தீபகற்பத்தில் தாம் போரிட்ட வட ஆப்பிரிக்க முஸ்லிம்களின் பெயரை இந்தியப் பெருங்கடலில் கண்ட முஸ்லிம்களுக்கும் அவர்கள் ஏற்றிவிட்டார்கள். அப்பெயர் இன்றளவும் அரசு ஏடுகளில் வாழ்கிறது. வெளியிலிருந்து இடப்பட்ட பெயர் ஒரு சமூகத்தின் உட்பிரிவுகளையும் ஊர்களையும் மறைத்துவிடும் வல்லமை உடையது. ஆஸ்திரேலிய ஒட்டகக்காரர் திறத்தில் நேர்ந்ததும் அதுவே.

பயணக் குறிப்பேடுகளில் காணும் மனிதர்

இவர்களைப் பற்றி நமக்குக் கிடைக்கும் முதல் வகை ஆவணம் ஐரோப்பியப் பயணிகளின் நாட்குறிப்பு ஆகும். அங்கே இவர்கள் பெரும்பாலும் ஒற்றைப் பெயராகத் தோன்றி மறைகின்றனர். தந்தை பெயரோ ஊரோ குறிக்கப்படுவதில்லை. பெயரின் எழுத்தும் கேட்டவரின் காதுக்கேற்ப மாறுகிறது.

1873-இல் வில்லியம் காஸ் என்பவரின் குழுவில் கம்ரான், ஜம்மா கான், அல்லானா ஆகியோர் ஒட்டகம் நடத்தினர். அவ்வாண்டு ஜூலைத் திங்களில் காஸ் மாபெரும் செம்பாறை ஒன்றன் உச்சியை அடைந்தார். அதற்கு 'ஏயர்ஸ் பாறை' எனப் பெயரிட்டார். அவரோடு அன்று உச்சி ஏறியவர் கம்ரான். அப்பாறையோ அங்கு வாழும் அனங்கு மக்களுக்குப் பன்னெடுங்காலமாக உலுரு என்னும் புனிதத் தலம். அவர்களுடைய விருப்பத்துக்கிணங்க 2019 அக்டோபரில் பாறையின் மீது ஏறுவது முற்றிலும் நிறுத்தப்பட்டது.

அதே 1873-இல் வார்பர்ட்டன் என்பவர் நாட்டின் நடுப்பகுதியிலிருந்து மேற்குக் கரை நோக்கிப் புறப்பட்டார். ஸாலிஹ், ஹலீம் என்னும் இருவர் ஒட்டகங்களைக் கவனித்தனர். பெருமணற் பாலையில் உணவு தீர்ந்தது. சுமந்து வந்த ஒட்டகங்களையே ஒவ்வொன்றாக அறுத்துண்ண நேர்ந்தது. புறப்பட்ட பதினேழு ஒட்டகங்களில் இரண்டே எஞ்சின. 1875-இல் எர்னஸ்ட் கைல்ஸ் பெரு விக்டோரியாப் பாலையைக் கடந்தபோது ஒட்டகங்கள் நீரின்றிப் பதினேழு நாள் நடந்து ஏறத்தாழ 520 கிலோமீட்டர் தொலைவைக் கடந்தன. அவற்றை நடத்தியவர் பெயரும் ஸாலிஹ் என்றே குறிக்கப்பட்டுள்ளது.

இவர்களுள் வாழ்க்கை வரலாறு ஓரளவு தெளிவாகத் தெரியவருபவர் பீஜா தர்வீஷ். பலூசிஸ்தானில் பிறந்து, பிரிட்டிஷ் இந்தியப் படையில் பணியாற்றி, 1890 அளவில் ஆஸ்திரேலியா சென்றவர் அவர். 1896-இல் லாரன்ஸ் வெல்ஸ் தலைமையில் நடந்த கால்வெர்ட் பயணத்தில் ஒட்டகப் பொறுப்பு முழுவதும் அவரிடம் இருந்தது. அப்பயணத்தில் இருவர் தாகத்தால் மாண்டனர். எஞ்சியோர் கரை சேர்ந்ததில் பீஜாவின் உறுதிக்குப் பெரும்பங்கு உண்டு. மேற்கு ஆஸ்திரேலியாவில் ஒரு குன்று இன்றும் அவர் பெயரைத் தாங்கி நிற்கிறது. பின்னர் மாரீ என்னும் ஊரில் குடும்பத்துடன் குடியேறி, பேரீச்ச மரங்கள் வளர்த்து, 1957 வரை வாழ்ந்தார். 1939-இல் சிம்ப்சன் பாலையைக் கடந்த மடிகனின் ஆய்வுக்குழுவுக்கு ஒட்டகம் நடத்தியவர்களுள் பீஜாவின் மகனும் ஒருவர்.

சுமந்தவை எவை?

பயணங்கள் புகழைத் தந்தன. நாட்டை வாழவைத்தது நாள்தோறும் நடந்த சுமைப் போக்குவரத்தே. 1870-72 ஆண்டுகளில் போர்ட் அகஸ்டாவிலிருந்து டார்வின் வரை ஏறத்தாழ 3,200 கிலோமீட்டர் நீளத்துக்குத் தந்திக் கம்பி இழுக்கப்பட்டது. 36,000 கம்பங்கள் நடப்பட்டன. அக்கம்பியின் வழியே ஆஸ்திரேலியா முதன்முறையாக உலகத்தோடு உடனுக்குடன் பேசியது. அப்பணிக்கான நில அளவையிலும், பணியாளருக்கு உணவும் கருவியும் கொண்டு சேர்ப்பதிலும் ஒட்டகங்கள் ஈடுபட்டன. கம்பி முடிந்த பின்னும் பாலை நடுவே தனித்துக் கிடந்த தந்தி நிலையங்களுக்கு மாவும் தேயிலையும் மருந்தும் அஞ்சலும் ஒட்டக வரிசைகளே கொண்டு சென்றன.

ஆட்டுப் பண்ணைகளின் கம்பளி மூட்டைகள் இரயில் நிலையத்தை அடைந்ததும் அவ்வாறே. 1892-இல் கூல்கார்டியில் தங்கம் கண்டெடுக்கப்பட்டபோது நீரற்ற அந்நிலத்தில் ஆயிரக்கணக்கானோர் குவிந்தனர். அவர்களுக்குக் குடிநீரும் உணவும் சுமந்து சென்றவர்களுள் ஒட்டகக்காரர் முதன்மையானோர். ஃபைஸ் முஹம்மத், தாக் முஹம்மத் ஆகிய சகோதரர் நூற்றுக்கணக்கான ஒட்டகங்களைக் கொண்டு மாரீயிலும் பின்னர் மேற்கிலும் பெரும் நிறுவனம் நடத்தினர். நியூ சவுத் வேல்ஸின் பர்க் நகரில் அப்துல் வாஹித் அதே தொழிலில் புகழ்பெற்றார். மூன்றாண்டு ஒப்பந்தக் கூலிகளாக வந்தவர் பலர். அவர்களுள் சிலர் இவ்வாறு முதலாளிகளாகவும் உயர்ந்தனர்.

தண்டவாளத்தின் மறுபுறம்

இத்தனை சுமந்தவர்களுக்கு ஊருக்குள் இடம் இருந்ததா? மாரீயில் இருப்புப் பாதை ஊரை இரண்டாகப் பிரித்தது. ஒருபுறம் ஐரோப்பியரின் கடைகளும் விடுதியும். மறுபுறம் ஒட்டகக்காரரும் ஆதிக்குடிகளும். புரோக்கன் ஹில்லிலும் கூல்கார்டியிலும் ஒட்டக முகாம்கள் ஊர்க்கோடியில் அமைந்தன. 'கான் டவுன்' என்று அவற்றுக்குப் பெயர்.

அந்த ஊர்க்கோடிகளில்தான் ஆஸ்திரேலியாவின் முதற் பள்ளிவாசல்கள் எழுந்தன. மாரீயில் மண்ணும் கூரையுமாக ஓர் எளிய தொழுமிடம் இருந்தது. ஒளூ செய்ய அருகிலேயே ஒரு நீர்த்தொட்டி. புரோக்கன் ஹில்லின் ஒட்டக முகாமில் நெளிதகரத்தால் ஒரு பள்ளி கட்டப்பட்டது. அடிலெய்டு நகரின் லிட்டில் கில்பர்ட் தெருவில் 1888-89-இல் கற்பள்ளிவாசல் உருவாயிற்று. 1903-இல் அதற்கு நான்கு மினாராக்கள் சேர்க்கப்பட்டன. பாலையில் ஈட்டிய பணத்திலிருந்து ஒட்டகக்காரர் அளித்த நன்கொடையே அதன் அடித்தளம். பெர்த் நகரப் பள்ளிவாசல் 1905-06 ஆண்டுகளில் எழுந்தது. அதன் பணியில் முன்னின்றவர்களுள் ஒருவரான முஹம்மத் ஹஸன் மூஸாகான், ஆஸ்திரேலியாவில் இஸ்லாத்தின் வரலாற்றை 1932-இல் ஒரு நூலாகத் தொகுத்து அடிலெய்டில் வெளியிட்டார். தம் வரலாற்றைத் தாமே எழுதிவைக்க வேண்டும் என்னும் விழிப்பு அச்சிறு சமூகத்திடம் இருந்தது என்பதற்கு அது சான்று.

தாயகத்திலிருந்து மனைவியரை அழைத்துவர இவர்களுக்கு வழி இருக்கவில்லை. சிலர் ஐரோப்பியப் பெண்களை மணந்தனர். பலர் ஆதிக்குடிப் பெண்களை மணந்தனர். மேற்கு ஆஸ்திரேலியாவில் 1905-இல் இயற்றப்பட்ட சட்டத்தின்படி ஆதிக்குடிப் பெண்ணை வெளியினத்தார் மணக்க அதிகாரியின் இசைவு வேண்டியிருந்தது. இத்தகைய தடைகளுக்கிடையே அமைந்த குடும்பங்களின் வழித்தோன்றல்கள் இன்றும் அந்நாட்டில் வாழ்கின்றனர். ஒட்டகக்காரர்களே மறக்கப்பட்டனர் என்றால், அவர்களுடைய வீடுகளைத் தாங்கிய அப்பெண்கள் மறதிக்குள்ளும் மறதியாயினர்.

விலக்கும் வடுவும்

ஒட்டகம் எருது வண்டியை விடக் குறைந்த கூலிக்கு, கூடுதல் விரைவில் சரக்கைச் சேர்த்தது. இப்போட்டியே பகைக்கு மூலகாரணம். 1894-இல் கூல்கார்டியில் ஆப்கன் எதிர்ப்புச் சங்கம் ஒன்று தோன்றியது. நீர்நிலைகளை ஒட்டகங்கள் பாழாக்குகின்றன என்ற குற்றச்சாட்டு ஓயாமல் எழுந்தது. அவ்வாண்டே மேற்கின் நீர்நிலை ஒன்றில் நேர்ந்த பூசலில் ஒட்டகக்காரர் இருவர் சுடப்பட்டனர், ஒருவர் இறந்தார். சுட்டவர் நீதிமன்றத்தில் விடுதலை பெற்றார். 1895-இல் மேற்கு ஆஸ்திரேலியச் சட்டம் ஆசியருக்கும் ஆப்பிரிக்கருக்கும் தங்கம் தோண்டும் உரிமையை மறுத்தது. தங்க வயலுக்குத் தண்ணீர் சுமக்கலாம். அம்மண்ணில் ஒரு கைப்பிடியும் தமக்கென அள்ளக் கூடாது என்பதே அதன் பொருள்.

1901-இல் குடியேற்றங்கள் ஒன்றிணைந்து புதிய நாடு பிறந்தபோது அதன் தொடக்ககாலச் சட்டங்களுள் ஒன்று குடிவரவுக் கட்டுப்பாட்டுச் சட்டம். அதன்படி உள்ளே வருபவர் ஐரோப்பிய மொழி ஒன்றில் அதிகாரி வாசிக்கும் ஐம்பது சொற்களைப் பிழையின்றி எழுத வேண்டும். எம்மொழி என்பதை அதிகாரியே தேர்ந்தெடுப்பார். ஆகவே எவரையும் தோல்வியுறச் செய்யலாம். 1903-ஆம் ஆண்டுச் சட்டம் ஆசிய நாட்டவர் குடியுரிமை பெறும் வாயிலை அடைத்தது. பல்லாண்டு உழைத்தவர் தாயைக் காணவோ ஹஜ்ஜுக்கோ சென்றால், திரும்பி வரத் தேர்வு விலக்குச் சான்றிதழ் பெற்றாக வேண்டும்.

இச்சான்றிதழ்களே நமக்குக் கிடைக்கும் இரண்டாம் வகை ஆவணம். விண்ணப்பித்தவரின் முகம் நேராகவும் பக்கவாட்டிலும் படமெடுக்கப்பட்டது. உள்ளங்கை மையில் பதிக்கப்பட்டது. குற்றவாளியைக் குறிப்பது போன்ற அம்முறையில் எடுக்கப்பட்ட படங்கள் ஆயிரக்கணக்கில் ஆஸ்திரேலியத் தேசிய ஆவணக் காப்பகத்தில் உள்ளன. நாட்டுக்கு வெளியே நிறுத்தவென்று உருவான தாள்களே இன்று அம்மனிதரின் முகங்களைக் காத்து நிற்கின்றன. விக்டோரியாவில் ஊர் ஊராகப் பொருள் விற்ற மோங்கா கான் என்பவரின் 1916-ஆம் ஆண்டுப் படத்தை, பீட்டர் ட்ரூ என்னும் கலைஞர் 2016-இல் 'ஆஸி' என்ற ஒற்றைச் சொல்லுடன் சுவரொட்டியாக அச்சிட்டு நகரங்கள் தோறும் ஒட்டினார். ஆஸ்திரேலியன் என்பதன் செல்லப் பெயர் அச்சொல். நூறாண்டுக்கு முன் அவருக்கு அச்சொல்லை எவரும் வழங்கியிருக்க மாட்டார்.

கசப்பான நிகழ்ச்சிகளையும் நாம் மறைக்கலாகாது. 1896 ஜனவரியில் தாக் முஹம்மத் கூல்கார்டியில் தொழுகையின்போதே தம்மவர் ஒருவரால் கொலையுண்டார். 1915 ஜனவரி முதல் நாள் புரோக்கன் ஹில்லில் குல் பாட்ஷா முஹம்மத், முல்லா அப்துல்லா என்னும் இருவர் உல்லாசப் பயணிகள் நிறைந்த இரயில் மீது துப்பாக்கிச் சூடு நடத்தினர். நால்வர் மாண்டனர், தாக்கிய இருவரும் அன்றே இறந்தனர். துருக்கி முதல் உலகப் போரில் இறங்கியிருந்த காலம் அது. முல்லா அப்துல்லா உரிமம் பெறாத இடத்தில் ஹலால் முறையில் ஆடு அறுத்தமைக்காகச் சில நாள் முன்னர்தான் தண்டிக்கப்பட்டிருந்தார். காரணம் எதுவாயினும், களிப்புக்குச் சென்ற அப்பாவிகளைக் கொன்ற செயலுக்கு நியாயம் இல்லை. ஆனால் அன்று சினந்தெழுந்த கூட்டம் ஒட்டக முகாமை நோக்கித் திரண்டது. காவலர் தடுத்ததால் முகாம் பிழைத்தது. அதற்குப் பின் நெடுங்காலம், சுமை சுமந்த ஆயிரக்கணக்கானோரை விட அவ்விருவரே மக்கள் நினைவில் நின்றனர்.

நிலத்துக்கு உரியவர்கள்

இவ்வரலாற்றை நம்மவரின் பெருமைப் பட்டியலாக மட்டும் எழுதினால் நாமும் மற்றொரு மறதிக்கு உடந்தையாவோம். ஐரோப்பியர் 'வெற்று நிலம்' என்று கருதிய பாலையில் பல்லாயிரம் ஆண்டுகளாக மக்கள் வாழ்ந்தனர். ஒவ்வொரு நீர்க்கிணறும் அவர்கள் அறிந்ததே. வார்பர்ட்டனின் குழு தண்ணீர் இருக்கும் இடத்தை அறிவதற்காக ஆதிக்குடியினரைப் பிடித்துக் கட்டிவைத்தது அவருடைய பயண வரலாற்றிலேயே பதிவாகியுள்ளது. அக்குழுவினர் சாகும் தறுவாயில் இருந்தபோது நீரைத் தேடிக் கண்டு காத்தவரும் சார்லி என்னும் ஆதிக்குடி இளைஞரே. ஒட்டக வரிசை போன வழியில் பின்னர் பண்ணைகள் வந்தன. பண்ணைகள் வந்ததும் அம்மக்கள் தம் நீர்நிலைகளை இழந்தனர்.

ஒட்டகக்காரர் தாமும் ஒடுக்கப்பட்டவரே. எனினும் மற்றவரின் நிலம் பறிபோகும் பணியில் அவர்களுடைய உழைப்பும் பயன்பட்டது. இவ்விரண்டும் உண்மை. மற்றொன்றும் உண்மை: அவ்விரு மக்களும் தண்டவாளத்தின் ஒரே புறத்தில் அண்டை வீட்டாராய் வாழ்ந்தனர், மணவுறவு கொண்டனர். ஒட்டகம் நடத்தும் கலையை ஆதிக்குடியினர் கற்றுக்கொண்டு, ஒட்டகக்காரர் மறைந்த பின்னரும் பாலையில் பயணம் செய்து வந்தனர்.

முடிவும் மீட்சியும்

1920-களில் மோட்டார் லாரிகள் வந்தன. 1925-இல் தென் ஆஸ்திரேலிய அரசு, உரிமையாளர் இன்றித் திரியும் ஒட்டகங்களைக் கொல்ல வழிவகுக்கும் சட்டத்தை இயற்றியது. தம்மோடு வாழ்ந்த விலங்குகளைச் சுட மனமின்றிப் பலர் அவற்றைப் பாலையில் அவிழ்த்துவிட்டனர். அவற்றின் வழிவந்த காட்டு ஒட்டகங்கள் பெருகி, 2009 முதல் 2013 வரை நடந்த அரசுத் திட்டத்தில் ஏறத்தாழ 1,60,000 ஒட்டகங்கள் அகற்றப்படும் அளவுக்கு ஆயின.

இருப்புப் பாதை 1929-இல் ஆலிஸ் ஸ்பிரிங்ஸை எட்டியது. 2004-இல் டார்வினை அடைந்தது. அதில் ஓடும் வண்டிக்கு 'தி கான்' என்று பெயர். வண்டி நின்றபோது ஒட்டகக்காரர் ஒருவர் இறங்கித் தொழுததைக் கண்ட இரயில்வே ஊழியர் கேலியாக இட்ட பெயர் அது என்று ஒரு கதை வழங்குகிறது. கேலிப் பெயர் இன்று சொகுசு வண்டியின் அடையாளமாயிற்று.

எஞ்சிய முதியோர் சிலர் அடிலெய்டுப் பள்ளிவாசலை ஒட்டிய சிறு வீடுகளில் தங்கினர். கந்தஹாரைச் சேர்ந்தவராகிய முன்னாள் ஒட்டகக்காரர் மஹ்மத் ஆலம், மூலிகை மருத்துவராகி ஏழைகளுக்கு இலவசமாக மருந்தளித்தார். 1935-இல் மருத்துவர் சட்டத்தின் கீழ் அவர் மீது வழக்கும் தொடரப்பட்டது. 1964-இல் அவர் மறைந்தார். இரண்டாம் உலகப் போருக்குப் பின் ஐரோப்பாவிலிருந்து வந்த போஸ்னியர் முதலிய முஸ்லிம்கள் அப்பள்ளியில் தொழத் தொடங்கியபோது, அவர்களை வரவேற்கத் திறந்த கதவு ஒன்று இருந்தது. அதுவே அம்முதியோர் விட்டுச்சென்ற சொத்து.

மூன்றாம் வகை ஆவணம் ஒட்டகக்காரர் தாமே விட்டுச்சென்றது. புரோக்கன் ஹில்லின் தகரப் பள்ளிவாசல் பின்னாளில் சீரமைக்கப்பட்டுக் காட்சியகமாயிற்று. அங்கு ஒரு பழைய நூல் திருக்குர்ஆன் என்ற குறிப்போடு பல்லாண்டு வைக்கப்பட்டிருந்தது. வரலாற்றாசிரியர் ஸாமியா காத்தூன் அதனைத் திறந்து பார்த்தார். அது 1895-இல் கல்கத்தாவில் அச்சான வங்கமொழிச் செய்யுள் நூல். பெயர் 'கஸஸுல் அன்பியா'. நபிமார்களின் வரலாற்றைக் கூறுவது. வலப்புறத்திலிருந்து தாள் புரட்டும்படி கட்டப்பட்டது. இக்கண்டுபிடிப்பிலிருந்து தொடங்கி அவர் எழுதிய 'ஆஸ்திரேலியநாமா' 2018-இல் வெளியாயிற்று.

நபிமார் வரலாற்றை இரவில் ஒருவர் வாசிக்க, மற்றவர் சூழ்ந்திருந்து கேட்கும் வழக்கம் நம் ஊர்களும் அறிந்ததே. அந்நூலைப் பாலைக்குச் சுமந்து சென்றவரும் அவ்வாறே வாசித்திருக்கக் கூடும். குறிப்பெழுதியவர் தீய எண்ணத்தில் பிழை செய்தாரல்லர். முஸ்லிமின் நூல் என்றால் அது குர்ஆனாகவே இருக்கும், ஒட்டகக்காரர் என்றால் அவர் ஆப்கானியராகவே இருப்பார் என்று அவர் எண்ணினார். அப்பக்கங்களில் என்ன மொழி எழுதப்பட்டிருக்கிறது என்று பார்க்க நூறாண்டுக்கும் மேலாயிற்று. நம் ஊர்களின் பள்ளிவாசல் அலமாரிகளிலும், கப்பலேறியவர்களின் பழம்பெட்டிகளிலும் இவ்வாறு திறந்து வாசிக்கப்படாத ஏடுகள் இன்னும் எத்தனையோ உள்ளன. அவற்றை வாசிக்க வல்லவர்கள் இருக்கும்போதே அப்பணி நடைபெற வேண்டும்.